படச்சுருளைத் தேடி

நுழையும்முன்

கல்வெட்டும் ஓலைச்சுவடியும் செப்பேடும் நம் கடந்த காலத்தை எழுத்தில் காட்டுகின்றன. ஏறத்தாழ நூற்றிருபத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாக இவற்றோடு மற்றொரு சான்றும் சேர்ந்திருக்கிறது. அதுதான் படச்சுருள். மறைந்த மனிதர்கள் அதில் நடக்கிறார்கள், சிரிக்கிறார்கள், திரும்பி நம்மைப் பார்க்கிறார்கள். கண்ணால் காண்பதாலேயே அதனை நாம் எளிதில் நம்பிவிடுகிறோம். அந்த நம்பிக்கைக்கு உரியதாக ஒரு காட்சியை ஆக்குவது எது? ஆவணப்படங்களுக்குப் பின்னே நிகழும் தேடலைப் பற்றி இப்பாடத்தில் அறிவோம்.

கடல்நடுவே தோன்றிய எண்ணம்

1937ஆம் ஆண்டு அக்டோபர் 2ஆம் நாள். அமெரிக்காவிலிருந்து அயர்லாந்து நோக்கிச் சென்றுகொண்டிருந்த கப்பலில் தமிழ் இளைஞர் ஒருவர் பயணம் செய்தார். அவருக்கு இருபத்தாறு வயதுகூட நிறைந்திருக்கவில்லை. அன்று காந்தியடிகளின் பிறந்தநாள். அண்ணலின் வாழ்க்கையை ஓர் ஆவணப்படமாக ஆக்கினால் என்ன என்னும் எண்ணம் அவர் உள்ளத்தில் தோன்றியது. அவ்விளைஞர் கோட்டையூரைச் சேர்ந்த ஏ. கே. செட்டியார். பிற்காலத்தில் 'குமரி மலர்' இதழின் ஆசிரியராகவும், உலகம் சுற்றிய தமிழர் என்றும் அறியப்பட்டவர். தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக்கலை பயின்றவர்.

எண்ணம் எளிது, செயல் எளிதன்று. அப்போது காந்தியடிகள் அறுபத்தெட்டு வயதை எட்டியிருந்தார். தென்னாப்பிரிக்காவில் அவர் கழித்த ஆண்டுகள், 1930இல் தண்டியை நோக்கி நடந்த நடை, 1931இல் இலண்டன் வட்டமேசை மாநாடு ஆகியவை யாவும் நடந்து முடிந்திருந்தன. நடந்து முடிந்த ஒன்றை மீண்டும் படம்பிடிக்க இயலுமா? நடிகர்களைக் கொண்டு நடிக்கவைத்தால் அது கதைப்படமாகிவிடும். ஆகவே வழி ஒன்றுதான் இருந்தது. அந்நிகழ்ச்சிகள் நடந்தபோதே எவரேனும் படம் எடுத்திருந்தால், அந்தப் படச்சுருளை அது கிடக்கும் இடம் தேடிச் சென்று பெறவேண்டும்.

செட்டியார் அவ்வாறே தேடினார். ஏறத்தாழ ஒரு இலட்சம் மைல் பயணம் செய்து, முப்பது ஆண்டுக்காலத்தில் நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த படங்களிலிருந்து 50,000 அடி நீளமுள்ள படச்சுருளைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடி நீளமுள்ள படத்தைத் தொகுத்தார். தமிழ் விளக்கவுரையுடன் 1940 ஆகஸ்டில் 'மகாத்மா காந்தி' வெளிவந்தது. உலகப்போர் நடந்துகொண்டிருந்த, அயலார் ஆட்சி நிலவிய காலம் அது என்பதை நாம் நினைவிற்கொள்ள வேண்டும்.

இவ்வெண்களின் பொருளை ஒரு சிறு கணக்கு விளக்கும். 35 மில்லிமீட்டர் அகலமுள்ள படச்சுருளில் ஓர் அடிக்குப் பதினாறு படங்கள் இருக்கும். பேசும் படத்தில் ஒரு நொடிக்கு இருபத்துநான்கு படங்கள் ஓடுகின்றன. எனவே, ஒரு நிமிடத்திற்குத் தொண்ணூறு அடி தேவை. 50,000 அடி என்பது ஒன்பது மணி நேரத்திற்கும் மேற்பட்ட காட்சி. 12,000 அடி என்பது இரண்டேகால் மணி நேரத்திற்குச் சற்றுக் குறைவு. சேர்த்ததில் நான்கில் ஒரு பங்கையும்விடக் குறைவானதே திரைக்கு வந்தது. எஞ்சியதைப் பார்த்து, ஆராய்ந்து, விலக்கியதும் அப்பணியின் ஒரு பகுதியே.

ஆவணக்காட்சி என்பது யாது?

ஓர் ஆவணப்படத்திற்காகப் புதிதாக எடுக்கப்படாமல், முன்னரே வேறொரு நோக்கத்திற்காக எடுக்கப்பட்டுப் பாதுகாக்கப்பட்ட காட்சியை ஆவணக்காட்சி என்கிறோம். திரையரங்குகளில் முதன்மைப் படத்திற்கு முன் காட்டப்பெற்ற செய்திப்படங்கள், அரசுத் துறைகளின் படங்கள், தொலைக்காட்சிப் பதிவுகள், இல்லங்களில் எடுக்கப்பட்ட தனிப்பட்ட படங்கள் ஆகியன இதில் அடங்கும்.

இவை ஓரிடத்தில் இருப்பதில்லை. இந்தியாவில் 1948இல் தொடங்கப்பெற்ற படப்பிரிவு பல்லாண்டுகள் செய்திப்படங்களை எடுத்தது. 1964இல் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் நிறுவப்பெற்றது. அதன் வளர்ச்சிக்குத் தம் வாழ்நாளை அளித்த பி. கே. நாயர், ஊர் ஊராகச் சென்று பழைய படச்சுருள்களைத் திரட்டினார். ஆயினும், தேவையான காட்சி பல வேளைகளில் காப்பகத்தின் பட்டியலில் இருப்பதில்லை. மூடப்பட்ட படநிறுவனத்தின் கிடங்கிலோ, ஒளிப்பதிவாளர் ஒருவரின் வீட்டுப் பரணிலோ, பெயர் ஒட்டப்படாத தகரப் பெட்டியிலோ அது உறங்கிக்கொண்டிருக்கும்.

ஆதலால், காட்சி ஆய்வாளரின் முதற்பணி படம் பார்ப்பதன்று, படிப்பதாகும். நிகழ்ச்சி நடந்த நாளின் செய்தித்தாளைப் படித்து, அங்கே படம்பிடிப்போர் வந்திருந்தனரா என அறியவேண்டும். அவர்கள் எந்நிறுவனத்தைச் சேர்ந்தவர்கள், அந்நிறுவனம் பின்னர் எவர் கைக்கு மாறியது எனத் தொடரவேண்டும். ஒரு நிறுவனத்தின் ஏடு மற்றொரு நிறுவனத்தின் பெயரைக் காட்டும். ஒரு முதியவரின் நினைவு மற்றொரு முதியவரின் முகவரியைத் தரும். வேர் பிடித்துச் செல்வது போன்ற பணி இது.

காட்சியை வினவுதல்

தேடிய காட்சி கிடைத்தவுடன் பணி முடிந்துவிட்டது என்று எண்ணுவது இயல்பு. உண்மையில் கடினமான பணி அப்போதுதான் தொடங்குகிறது. யார் எடுத்தது? எப்போது? எங்கே? எவருக்குக் காட்டுவதற்காக? இந்நான்கு வினாக்களுக்கும் விடை கிடைக்காத காட்சி, பெயரும் நாளும் இல்லாத மடலைப் போன்றது.

விடைகள் சில காட்சிக்குள்ளேயே இருக்கும். கடைப் பலகையில் உள்ள எழுத்து, வண்டியின் வகை, உடுத்தியிருக்கும் உடை, மரத்தின் இலையுதிர்வு, நிழலின் நீளம் ஆகிய ஒவ்வொன்றும் இடத்தையும் காலத்தையும் குறிப்பால் உணர்த்தும். பெட்டியின் மேல் எழுதப்பட்டிருப்பதை மட்டும் நம்பலாகாது, பெட்டிகள் மாறுவதுண்டு. ஒரே தலைவர், ஒரே ஊர், ஒரே கூட்டம் போன்று தோன்றினும் ஆண்டு வேறாக இருக்கலாம்.

தெரிந்து தெளிவோம்

கோடாக் நிறுவனம் தன் படச்சுருளின் விளிம்பில் வட்டம், சதுரம், முக்கோணம் போன்ற சிறு குறிகளைப் பொறித்துவந்தது. அக்குறிகள் அச்சுருள் செய்யப்பட்ட ஆண்டைக் காட்டும். ஒரு காட்சி எடுக்கப்பட்ட நாளை அவை சொல்லமாட்டா. ஆயினும், அவ்வாண்டிற்கு முன் அக்காட்சி எடுக்கப்பட்டிருக்க இயலாது என்பதை உறுதிசெய்யும். ஒரே குறி பல ஆண்டுகளுக்குப் பின் மீண்டும் பயன்படுத்தப்பட்டதால், பிற சான்றுகளோடு ஒப்பிட்டே முடிவுக்கு வருதல் வேண்டும்.

பழைய படங்களில் மனிதர்கள் பொம்மைகள்போல விரைந்து நடப்பதைக் கண்டு நாம் நகைத்திருப்போம். அக்காலத்தவர் அவ்வாறு நடக்கவில்லை. ஊமைப்படக் காலத்தில் ஒளிப்பதிவாளர்கள் கைப்பிடியைச் சுழற்றிப் படம் எடுத்தனர். ஒரு நொடிக்குப் பதினாறு அல்லது அதற்குச் சற்று முன்பின்னாகப் படங்கள் பதிவாயின. அதனை இருபத்துநான்கு படங்கள் என்னும் விரைவில் ஓட்டும்போது நடை ஓட்டமாகிவிடுகிறது. இதனை அறியாத தொகுப்பாளர், துயர ஊர்வலம் ஒன்றையும் நகைப்பிற்குரியதாக்கிவிடுவார்.

கண்ணால் கண்டதும் பொய்யாகலாம்

1916ஆம் ஆண்டு, முதல் உலகப்போரின்போது, பிரிட்டனில் 'சொம் போர்' என்னும் படம் வெளியிடப்பட்டது. போர்க்களத்திலேயே எடுக்கப்பட்ட அப்படத்தை மக்கள் பெருந்திரளாகச் சென்று கண்டனர். அதில் ஒரு காட்சி. பதுங்குகுழியிலிருந்து வீரர்கள் மேலேறித் தாக்குதலுக்குப் புறப்படுகின்றனர். ஏறும்போதே ஒருவர் குண்டடிபட்டுச் சரிந்து கீழே விழுகிறார். பார்த்தவர் நெஞ்சம் பதைத்தது. முதல் உலகப்போரைப் பற்றிய எண்ணற்ற படங்களில் பின்னர் அக்காட்சி எடுத்தாளப்பட்டது.

ஆனால், ஆய்வாளர்கள் அதனைக் கூர்ந்து நோக்கினர். தாக்குதலுக்குச் செல்வோர் சுமக்கவேண்டிய முழுமையான மூட்டைகள் அவ்வீரர்களிடம் இல்லை. ஒளிப்பதிவாளர் நிற்கும் இடமோ, உண்மையான களமாயின் எதிரியின் குண்டுக்கு இலக்காகியிருக்கும். இவை போன்ற சான்றுகளால், அக்காட்சி களத்திற்குப் பின்னே பயிற்சியிடம் ஒன்றில் நடித்து எடுக்கப்பட்டது என்னும் முடிவுக்கு வந்தனர். அப்படத்தின் பெரும்பகுதி மெய்யான போர்க்களக் காட்சிகளே. எனினும், மக்கள் நினைவில் ஆழப் பதிந்தது நடிக்கப்பட்ட அந்தச் சில நொடிகள்தாம். அங்கே மெய்யாகவே மடிந்த பல்லாயிரவரின் சாவிற்கு, நடித்த சாவு ஒன்று அடையாளமாகிவிட்டது. இதனாலேயே, பழையது என்பதோ பலமுறை காட்டப்பட்டது என்பதோ ஒரு காட்சிக்கு நம்பகத்தன்மையைத் தந்துவிடாது என்கிறோம்.

இடம் மாறினால் பொருள் மாறும்

காட்சி மெய்யானதாகவே இருப்பினும், அது வைக்கப்படும் இடத்தைப் பொறுத்து அதன் பொருள் மாறுகிறது. இதனை முதலில் தெளிவாக உணர்த்தியவர்களுள் ஒருவர் உருசியப் பெண் படத்தொகுப்பாளர் எஸ்ஃபிர் ஷூப். 1927இல் அவர் 'ரோமானோவ் அரசமரபின் வீழ்ச்சி' என்னும் படத்தை உருவாக்கினார். அதற்காகப் பழைய செய்திப்படங்களும் அரச குடும்பத்தினருக்காக எடுக்கப்பட்ட படங்களுமாக ஏறத்தாழ 60,000 மீட்டர் படச்சுருளைப் பார்வையிட்டார். அரசரின் பெருமையைக் காட்டுவதற்காக எடுக்கப்பட்ட படங்கள் அவை. கப்பலின் மேல்தளத்தில் செல்வர்கள் நடனமாடிக் களைக்கும் காட்சியை அடுத்து, வெயிலில் உழைத்துக் களைக்கும் மக்களின் காட்சியை அவர் வைத்தார். இரு காட்சிகளிலும் எதுவும் மாற்றப்படவில்லை. ஆயினும், புகழ்வதற்காக எடுக்கப்பட்டது குற்றச்சாட்டாக மாறிற்று.

இது தொகுப்புக்கலையின் ஆற்றல். அதன் இடரும் இதுவே. ஒரு கூட்டத்தில் மக்கள் கைதட்டும் காட்சியை வேறொரு பேச்சுக்குப் பின் ஒட்டிவிட்டால், அவர்கள் பாராட்டாத ஒன்றைப் பாராட்டியதாக வரலாறு பதிவாகிவிடும். அவர்கள் எழுந்து வந்து மறுக்க இயலாது. ஆகவே, ஓர் ஆண்டின் காட்சியை மற்றோர் ஆண்டின் நிகழ்ச்சிக்குப் பயன்படுத்த நேர்ந்தால், அதனைத் திரையிலேயே தெரிவித்துவிடுவது நேர்மையான ஆவணப்படத்தின் இயல்பாகும்.

மறைக்கப்பட்ட தொப்பி

பொருளைத் திரிப்பதைப் போலவே, உள்ளதை மறைப்பதும் பிழையே. பிரெஞ்சு இயக்குநர் அலென் ரெனே, நாசிக்களின் வதைமுகாம்களைப் பற்றி 1955இல் 'இரவும் மூடுபனியும்' என்னும் ஆவணப்படத்தை எடுத்தார். புல் முளைத்துக் கிடந்த முகாம்களை வண்ணத்தில் எடுத்து, பழைய கறுப்பு வெள்ளைக் காட்சிகளோடு மாற்றி மாற்றித் தொகுத்தார். அதில் ஓர் ஒளிப்படம் இடம்பெற்றது. பிரான்சு நாட்டு முகாம் ஒன்றில் காவல் நிற்கும் ஒருவரின் தொப்பி, அவர் பிரெஞ்சுக் காவலர் என்பதைக் காட்டியது. பகைவர் செய்த கொடுமைக்குத் தம் நாட்டவரும் துணைநின்றனர் என்னும் உண்மையைத் தணிக்கையாளர்கள் விரும்பவில்லை. அத்தொப்பியை மறைத்த பின்னரே படம் வெளிவந்தது. பல ஆண்டுகளுக்குப் பின்னர் அம்மறைப்பு நீக்கப்பட்டது.

திரையில் கையகல அளவும் இல்லாத ஒரு தொப்பி! அதனை ஓர் அரசமைப்பு அஞ்சியது. ஆவணக்காட்சி வெறும் அழகுப்பொருளாயின் அதனை மறைக்க எவர் முயல்வர்? அது சான்றாக இருப்பதாலேயே மறைக்க முயல்கின்றனர். மறைத்ததை மீட்க முடிந்ததற்கும், மூல ஒளிப்படம் அழியாமல் இருந்ததே காரணம்.

புதுப்பித்தலும் எல்லையும்

இன்றைய கணினித் தொழில்நுட்பம் பழைய காட்சிகளைப் புதுப்பிக்க உதவுகிறது. 2018இல் பீட்டர் ஜாக்சன், பிரிட்டனின் போர் அருங்காட்சியகத்திலிருந்த முதல் உலகப்போர்க் காட்சிகளைக் கொண்டு ஓர் ஆவணப்படத்தை உருவாக்கினார். ஓட்டத்தின் விரைவைச் சீராக்கி, கீறல்களை நீக்கி, வண்ணம் சேர்த்தார். ஒலியில்லாத காட்சிகளில் வீரர்கள் என்ன பேசினர் என்பதை உதட்டசைவை வாசிக்க வல்லவர்களைக் கொண்டு அறிந்து, குரலும் சேர்த்தார். நூறாண்டுகளுக்கு முற்பட்ட முகங்கள் நம் அண்டை வீட்டார்போல ஆயின.

இம்முயற்சி பாராட்டையும் பெற்றது, வினாக்களையும் எழுப்பியது. சேர்த்த வண்ணம் சான்றன்று; தேர்ந்த ஊகம். விரைவைச் சீராக்குவது மூலத்தில் இருந்ததை மீட்பது. வண்ணம் சேர்ப்பது மூலத்தில் இல்லாததைச் சேர்ப்பது. இவ்விரண்டிற்கும் உள்ள வேறுபாட்டைப் பார்வையாளர் அறிந்திருத்தல் வேண்டும். எவ்வளவு புதுப்பித்தாலும் மூலச்சுருள் தொடப்படாமல் காக்கப்பட வேண்டும்.

தீயும் காலமும்

அவ்வாறு காப்பது எளிதாக இல்லை. 1950களின் தொடக்கம் வரை திரைப்படங்களுக்குப் பெரிதும் பயன்பட்ட நைட்ரேட் படச்சுருள் எளிதில் தீப்பற்றும். எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிசனைத் தானே வெளியிடுவதால், நீரில் மூழ்கினாலும் அது தொடர்ந்து எரியும். புனேயில் 2003இல் நேர்ந்த தீவிபத்தில் காப்பகத்திற்குரிய பழைய நைட்ரேட் சுருள்கள் பல அழிந்தன. பின்னர் வந்த அசிட்டேட் சுருள் எளிதில் எரிவதில்லை. ஆனால், வெப்பமும் ஈரமும் மிகுந்தால் காடியின் நெடி வீசச் சுருங்கிச் சிதையும். சுருளில் உள்ள வெள்ளியைப் பிரித்தெடுப்பதற்காக விற்கப்பட்டு அழிந்த படங்களும் உண்டு.

உரிமைச் சிக்கலும் இதனோடு சேர்கிறது. இந்தியச் சட்டப்படி ஒரு திரைப்படத்தின் பதிப்புரிமை, அது வெளியான ஆண்டிற்குப் பின் அறுபது ஆண்டுகள் வரை நீடிக்கும். அதுவரை உரிமையாளரின் இசைவைப் பெற்றே காட்சியைப் பயன்படுத்த இயலும். காட்சியின் நீளத்தைக் கணக்கிட்டுக் கட்டணம் கேட்பதும் உண்டு. பொருள்வளம் குறைந்த இயக்குநர் ஒருவர், தம் மக்களின் வரலாற்றைத் தாமே விலை கொடுத்து வாங்க இயலாமல் திரும்பும் நிலையும் நேர்கிறது.

தேடியவரின் படமும் தொலைந்தது

செட்டியாரின் கதைக்குத் திரும்புவோம். காந்தியடிகளின் படத்திற்காகத் தாம் மேற்கொண்ட பயணங்களை அவர் 'குமரி மலர்' இதழில் எழுதினார். அக்கட்டுரைகள் 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாக வெளிவந்துள்ளன. அப்படத்திற்கு ஆங்கில விளக்கவுரையுடன் அமைந்த வடிவம் ஒன்றும் 1953இல் அமெரிக்காவில் வெளியாயிற்று. உலகெங்கும் சிதறிக் கிடந்த சுருள்களைத் தேடிச் சேர்த்த அம்மனிதரின் படமோ, பின்னாளில் எங்கே இருக்கிறது என்று எவரும் அறியாதவாறு மறைந்துபோயிற்று. 1983இல் செட்டியார் காலமானார்.

பின்னர் வரலாற்றாய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி அதனைத் தேடினார். செட்டியார் செய்த அதே பணியை, செட்டியாரின் படத்திற்காக மற்றொருவர் செய்ய நேர்ந்தது. பல்லாண்டுத் தேடலின் பயனாக, ஆங்கில வடிவத்தின் படி அமெரிக்கப் பல்கலைக்கழக நூலகத்தில் கிடைத்தது. தமிழர் ஒருவர் எடுத்த படம் தமிழ்நாட்டில் கிடைக்காமல், கடல் கடந்த நூலகம் ஒன்றில் காக்கப்பட்டிருந்தது. இதில் மகிழ்ச்சியும் உண்டு. நாம் நாணவேண்டியதும் உண்டு.

நம் கையில் உள்ளவை

இன்று நம் அனைவர் கையிலும் படக்கருவி இருக்கிறது. நாள்தோறும் எண்ணற்ற காணொலிகள் நம்மை வந்தடைகின்றன. வேறோர் ஊரில் வேறோர் ஆண்டில் நிகழ்ந்த கலவரத்தின் காட்சி, நேற்று நம் ஊரில் நிகழ்ந்ததென்னும் குறிப்போடு வரக்கூடும். யார் எடுத்தது, எப்போது, எங்கே, எவருக்காக என்னும் நான்கு வினாக்களும் ஆவணப்பட இயக்குநருக்கு மட்டும் உரியவை அல்ல. அவற்றைக் கேட்ட பின்னரே ஒரு காணொலியைப் பிறருக்கு அனுப்புவோமாயின், பொய்ச்சான்று ஒன்று நம் வழியாகப் பரவாமல் தடுத்தவர்களாவோம்.

நம் இல்லங்களிலும் பழைய திருமண ஒளிப்பேழைகள், ஊர்த்திருவிழாவின் பதிவுகள், பெயர் எழுதப்படாத ஒளிப்படங்கள் இருக்கக்கூடும். அவற்றில் உள்ளவர்களை அடையாளம் காட்டக்கூடிய பாட்டியும் தாத்தாவும் இன்று நம்மோடு இருக்கிறார்கள். ஒரு மாலைப்பொழுதில் அவர்களருகே அமர்ந்து, ஒவ்வொரு முகத்திற்கும் பெயரும் ஊரும் ஆண்டும் கேட்டு எழுதிவைத்தால் போதும். காட்சி நெடுங்காலம் நிலைக்கலாம். அதில் இருப்பவர் யாரென்று சொல்லக்கூடியவர் என்றும் இருப்பதில்லை.

கற்பவை கற்றபின்...

1. உங்கள் வீட்டிலோ உறவினர் வீட்டிலோ உள்ள பழைய ஒளிப்படம் ஒன்றினைத் தேர்ந்தெடுத்து, அதனை எடுத்தவர், காலம், இடம், நோக்கம் ஆகியவற்றை முதியோரிடம் கேட்டறிந்து ஒரு பக்க அளவில் எழுதுக.

2. உங்களுக்கு வந்த காணொலி ஒன்றில் உள்ள பலகை எழுத்து, உடை, வண்டி, நிழல் முதலிய சான்றுகளைக் கொண்டு, அதன் இடத்தையும் காலத்தையும் கண்டறிய முயன்று, வகுப்பில் எடுத்துரைக்க.

3. 'பழைய கறுப்பு வெள்ளைக் காட்சிகளுக்கு வண்ணம் சேர்ப்பது வரலாற்றை அண்மைப்படுத்துகிறதா, மாற்றிவிடுகிறதா?' என்னும் பொருளில் சொற்போர் நிகழ்த்துக.